வாம்பைரா: பதிவாகாமல் போன ஒரு நடிப்பு

உலகத்திலேயே மோசமான படம் எது என்று கேட்டால் பழைய ஹாலிவுட் ரசிகர்கள் பலர் யோசிக்காமல் சொல்லும் பெயர் 'பிளான் 9 ஃப்ரம் அவுட்டர் ஸ்பேஸ்'. எட் வுட் 1956-இல் எடுத்த படம். 1980-இல் வந்த 'கோல்டன் டர்க்கி அவார்ட்ஸ்' என்ற புத்தகம் அந்தப் பட்டத்தையே அதற்குக் கொடுத்துவிட்டது. அதில் கறுப்பு உடை, நீள நகம், ஒடுங்கிய இடுப்போடு ஒரு பெண் பிணம் கல்லறைகளுக்கு நடுவே கைகளை நீட்டிக்கொண்டு நடந்து வரும். ஒரு வார்த்தை பேசாது. அந்தப் பிணமாக நடித்தவர் மைலா நுர்மி. இன்று அவர் பெயரைச் சொன்னால் பெரும்பாலும் நினைவுக்கு வருவது இந்தக் காட்சிகள்தான். எனக்கு இது பெரிய அநியாயமாகப் படுகிறது. ஏனென்றால் அவருடைய உண்மையான திறமை பேச்சில் இருந்தது, அதுவும் டிவியில்!

1922-இல் ஃபின்லாந்து வம்சாவளிக் குடும்பத்தில் பிறந்தவர். 1940-களில் நடிகையாகும் ஆசையில் ஹாலிவுட்டில் மாடலிங், சின்னச் சின்ன வேலைகள் என்று அலைந்தார். 1953-இல் ஒரு மாறுவேட விருந்துக்கு, 'நியூ யார்க்கர்' பத்திரிகையில் சார்ல்ஸ் ஆடம்ஸ் வரைந்து வந்த கார்ட்டூனில் வரும் கறுப்பு உடைப் பெண் போல வேஷம் போட்டுக்கொண்டு போனார். பரிசும் கிடைத்தது. அங்கே அவரைப் பார்த்த ஹன்ட் ஸ்ட்ராம்பெர்க் ஜூனியர் என்ற டிவி தயாரிப்பாளர் பிறகு அவரைத் தேடிப் பிடித்தார். விஷயம் இதுதான்: லாஸ் ஏஞ்சலிஸின் கே.ஏ.பி.சி. சேனலிடம் மலிவான பழைய பேய்ப்படங்கள் இருந்தன. அவற்றை யாராவது பார்க்கும்படி செய்ய வேண்டும்.

ஆடம்ஸின் பெண்ணை அப்படியே காப்பியடிக்காமல், இன்னும் கவர்ச்சியாக, இன்னும் குறும்பாக மாற்றி மைலா உருவாக்கியதுதான் வாம்பைரா. 1954 மே மாதம் நிகழ்ச்சி தொடங்கியது. புகை மண்டிய இருட்டு வராந்தாவில் மெதுவாக நடந்து வருவார், கேமரா அருகே நின்று வீறிட்டுக் கத்துவார், உடனே சுகமாகப் புன்னகைப்பார். பிறகு அன்றைய படத்தைக் கிண்டலடிப்பார். ஒரே ஊரில் மட்டும் தெரிந்த நிகழ்ச்சிதான், ஆனால் 'லைஃப்' பத்திரிகை அவரைப் படம் பிடித்து வெளியிட்டது. உள்ளூர் எம்மி விருதுக்கும் பரிந்துரைக்கப்பட்டார். இன்று டிவியில் யாராவது மொக்கைப் படத்தை நக்கலடித்துக்கொண்டே ஓட்டினால், அதற்கெல்லாம் பாட்டி இவர்தான் :)

1955-இல் எல்லாம் முடிந்தது. பாத்திரத்தின் உரிமையைச் சேனலுக்கு விற்க அவர் மறுத்ததுதான் காரணம் என்று சொல்வார்கள்.

இதைவிடக் கொடுமை இன்னொன்று. நிகழ்ச்சி நேரலை. வீடியோ டேப் இயந்திரம் சந்தைக்கு வந்ததே 1956-இல்தான். அதற்கு முன் டிவி திரைக்கு எதிரே ஃபிலிம் கேமராவை வைத்துப் படமெடுத்தால்தான் எதுவும் மிஞ்சும். உள்ளூர் நள்ளிரவு நிகழ்ச்சிக்கு யார் அந்தச் செலவு செய்வார்கள்? முழு எபிசோடு ஒன்றுகூட மிஞ்சவில்லை. சில நிமிடத் துண்டுகள் மட்டும்தான் இருக்கின்றன.

அடுத்த வருடம்தான் எட் வுட் கூப்பிட்டார். சம்பளம் 200 டாலர் என்பார்கள். வசனத்தைப் படித்துவிட்டு, நான் பேசாமலே நடிக்கிறேன் என்று கேட்டு வாங்கிக்கொண்டாராம். புத்திசாலி! ஆனால் விளைவைப் பாருங்கள். பேசிப் புகழ்பெற்றவரின் பேசாத காட்சிகள்தான் பத்திரமாக இருக்கின்றன. அப்புறம் 'தி பீட் ஜெனரேஷன்' (1959), 'தி மேஜிக் ஸ்வோர்ட்' (1962) என்று சில துண்டு வேடங்கள். அதோடு சரி. பிறகு பிழைப்புக்குத் தரை விரிப்பு போட்டார், பழம்பொருள் கடை வைத்தார்.

1981-இல் இன்னொரு லாஸ் ஏஞ்சலிஸ் சேனல் வாம்பைராவை மறுபடி கொண்டுவர அவரை அழைத்தது. நடிகையைத் தேர்வு செய்ததில் தகராறு வந்து அவர் விலகினார். சேனல் பெயரை மட்டும் மாற்றி நிகழ்ச்சியை நடத்தியது. அதுதான் எல்வைரா. கசாண்ட்ரா பீட்டர்சன் அந்தக் கறுப்பு உடையில் நாடு முழுக்கப் பிரபலமானார், தனிப் படமே வந்தது. மைலா வழக்குப் போட்டார். 1989-இல் தோற்றார். ஒருவரைப் போலச் சாயல் இருந்தால் மட்டும் போதாது, அவரையே அப்படியே காட்டியிருக்க வேண்டும் என்றது நீதிமன்றம்.

சட்டப்படி இது சரிதான் என்றே நினைக்கிறேன். இதே கண்டிப்பு 1954-இல் மைலா மேல் பாய்ந்திருந்தால், சார்ல்ஸ் ஆடம்ஸுக்கும் கேட்க நியாயம் இருந்திருக்கும். ஆனால் அந்த வித்தையை டிவிக்குக் கொண்டுவந்தவர் கையில் அதிலிருந்து எதுவுமே மிஞ்சவில்லை என்பதுதான் உறுத்துகிறது.

1994-இல் டிம் பர்டன் 'எட் வுட்' படம் எடுத்தபோது லிசா மேரி வாம்பைராவாக நடித்தார். மைலாவைத் தேடிப் பேட்டி எடுக்க ஆட்கள் வரத் தொடங்கினார்கள். 2008 ஜனவரி 10 அன்று 85 வயதில் இறந்தார்.