துணுக்கின் அரசியல்: அமெரிக்க ஜனாதிபதிகளை முன்வைத்து

1

வரலாறு வெகுசனத்திடம் போய்ச் சேருவது பெரும்பாலும் துணுக்காகத்தான். தடித்த ஆய்வு நூலைப் படிப்பவர் பத்துப் பேர் என்றால் பத்திரிகையின் பக்க மூலையில் கிடக்கும் நாலு வரியைப் படிப்பவர் பல்லாயிரம். இதில் அமெரிக்க ஜனாதிபதிகளுக்குத் தனி இடம் உண்டு. வாஷிங்டனுக்கு மரப்பல். டாஃப்ட் குளியல் தொட்டியில் சிக்கிக்கொண்டார். ஆடம்சும் ஜெஃபர்சனும் ஒரே நாளில் செத்துப்போனார்கள். லிங்கனுக்கும் கென்னடிக்கும் எத்தனை ஒற்றுமை! பொது அறிவுப் புத்தகத்தைப் புரட்டிய யாரும் இவற்றில் ஒன்றிரண்டையாவது கடந்து வந்திருப்பார்கள்.

நம்மில் சிலர் இதைச் 'சும்மா பொழுதுபோக்குச் சமாச்சாரம்' என்று ஒதுக்குகிறார்கள். வேறு சிலர் 'இது பொய், இதோ உண்மை' என்று திருத்துகிறார்கள். மரப்பல் பொய்தான். டாஃப்ட் தொட்டியில் சிக்கியதற்கும் ஆதாரம் கிடையாது. ஆனால் திருத்தியதோடு வேலை முடிந்துவிடுவதில்லை. ஒரு நிகழ்வைத் துணுக்கு எந்த இடத்தில் வெட்டி எடுக்கிறது, வெட்டிப் போட்ட மிச்சத்தில் யார் கிடக்கிறார்கள் என்று கேட்டாக வேண்டும். மூன்று துணுக்குகளை எடுத்துக்கொள்வோம்.

2

1789 ஏப்ரல் 30 அன்று பதவியேற்றபோது வாஷிங்டனின் வாயில் சொந்தப் பல் ஒன்றே ஒன்றுதான் பாக்கி. மற்றதெல்லாம் பல்செட்டு. அவர் பயன்படுத்திய செட்டுகளில் ஈயம், நீர்யானைத் தந்தம், மிருகப் பல், மனிதப் பல் எல்லாம் இருந்தன. மரம் மட்டும் இல்லை. மவுண்ட் வெர்னன் பண்ணையின் கணக்கேட்டில் 1784 மே மாதம் ஒரு பதிவு உண்டு: பல் வைத்தியர் கணக்கில், ஒன்பது பற்களுக்காகக் 'கறுப்பர்களுக்கு'க் கொடுத்தது 6 பவுண்டு 2 ஷில்லிங். பிடுங்கப்பட்ட பற்கள் யாருடையவை என்று ஏடு சொல்லவில்லை. அவை வாஷிங்டனின் வாய்க்கே போயினவா என்றும் சொல்லவில்லை. தொகையை மட்டும் பிசகாமல் சொல்கிறது. பல் ஒன்றுக்குச் சுமார் பதின்மூன்றரை ஷில்லிங்.

'காசு குடுத்துத்தானே வாங்கினார்?' என்று கேட்பவர்கள் இருக்கிறார்கள். தன் உடம்பே தனக்குச் சொந்தமில்லை என்று சட்டம் சொல்லிவிட்ட ஒருவரிடம், அந்த உடம்பின் சொந்தக்காரர் 'பல்லைத் தர்றியா?' என்று கேட்பதை வியாபாரம் என்று எப்படிச் சொல்வது? மரப்பல் கதை வாஷிங்டனை எளிமையான மனிதராக்குகிறது. அதைத் திருத்துகிறவர்களும் 'மரமல்ல, தந்தம்' என்று சொல்லி நிறுத்திக்கொண்டால், வெட்டு அதே இடத்தில்தான் விழுகிறது.

வாயிலிருந்து அடுப்படிக்குப் போவோம். பிலடெல்ஃபியாவில் ஜனாதிபதி மாளிகையின் சமையல்காரர் ஹெர்குலிஸ், வாஷிங்டனின் அடிமை. பென்சில்வேனியாவின் 1780ஆம் ஆண்டுச் சட்டப்படி, வெளிமாநிலத்தவர் கொண்டுவரும் அடிமை அங்கே தொடர்ந்து ஆறு மாதம் தங்கிவிட்டால் விடுதலை கோரலாம். எனவே ஆறு மாதம் முடிவதற்குள் அவர்களை எல்லைக்கு வெளியே அனுப்பித் திரும்பக் கூட்டிவருவது என்று ஏற்பாடு. விஷயம் அடிமைகளுக்கும் தெரியக்கூடாது, ஊருக்கும் தெரியக்கூடாது, ஏதாவது சாக்குச் சொல்லிச் செய்யவும் என்று 1791இல் செயலாளருக்கு எழுதியது வேறு யாருமல்ல, செர்ரி மரத்தை வெட்டிவிட்டுப் 'பொய் சொல்ல மாட்டேன்' என்று சொன்னதாக நாம் பள்ளியில் படித்த அதே வாஷிங்டன். (அந்தச் செர்ரி மரமே வீம்ஸ் பாதிரியார் 1806ஆம் ஆண்டுப் பதிப்பில் நட்டது.)

1797 பிப்ரவரி 22. வாஷிங்டனுக்கு 65ஆவது பிறந்தநாள். அன்று ஹெர்குலிஸ் மவுண்ட் வெர்னனிலிருந்து தப்பிப் போய்விட்டார். சில வாரம் கழித்து அங்கே விருந்தாளியாக வந்தவர், பின்னாளில் பிரான்சின் மன்னரான லூயி ஃபிலிப். அவரது பணியாள் ஹெர்குலிசின் ஆறு வயது மகளிடம், அப்பாவை இனிப் பார்க்கவே முடியாது என்பதில் வருத்தம்தானே என்று விசாரித்திருக்கிறார். இல்லை, ரொம்ப சந்தோஷம், அப்பா இப்போது சுதந்திரமாக இருக்கிறார் என்றாளாம் அந்தக் குழந்தை. லூயி ஃபிலிப்பின் நாட்குறிப்பில் இது இருக்கிறது. அவள் பெயர் இல்லை. வாஷிங்டனின் உயிலை அடியொற்றி அவருக்குச் சொந்தமான அடிமைகள் 1801 ஜனவரி 1 அன்று விடுவிக்கப்பட்டபோது, சட்டப்படி அப்பாவுக்கும் விடுதலை கிடைத்தது. மகளுக்கு இல்லை. அவளுடைய தாய், மார்த்தா வாஷிங்டனுடைய முதல் கணவர் வழிச் சொத்து. தாய் யாருடைய சொத்தோ பிள்ளையும் அவருடைய சொத்து.

2016இல் அமெரிக்காவில் ஒரு சிறுவர் படப் புத்தகம் வந்தது. சிரித்த முகத்தோடு ஹெர்குலிஸ் வாஷிங்டனுக்குப் பிறந்தநாள் கேக் செய்கிறார், கூடவே மகள். எதிர்ப்பு கிளம்பியதும் அந்த ஜனவரியிலேயே பதிப்பாளர்கள் விநியோகத்தை நிறுத்தினார்கள். துணுக்கு எப்படித் தயாராகிறது என்பதற்கு இதைவிட நல்ல பாடம் கிடைக்காது. ஆள் நிஜம், சமையல் நிஜம், பிறந்தநாளும் நிஜம். ஓடிப்போனது மட்டும் கதையில் இல்லை.

3

இரண்டாவது துணுக்கில் பொய்யே கிடையாது. சுதந்திரப் பிரகடனத்தின் ஐம்பதாவது ஆண்டு நிறைவு நாளான 1826 ஜூலை 4 அன்று ஜான் ஆடம்சும் தாமஸ் ஜெஃபர்சனும் இறந்தார்கள். கடவுளே அந்த தேசத்தை ஆசீர்வதித்ததற்கு அடையாளம் என்று அப்போதே பேசினார்கள்.

துணுக்கு ஜூலை 4இல் முடிகிறது. வாழ்க்கை ஜூலை 5க்கும் போனது. ஜெஃபர்சன் ஒரு லட்சம் டாலருக்கு மேல் கடன் வைத்துவிட்டுப் போயிருந்தார். 1827 ஜனவரியில் மாண்டிசெல்லோவில் ஏலம். விளம்பரத்தில் வீட்டுச் சாமான், கால்நடையோடு 130 அடிமைகளும் பட்டியலிடப்பட்டிருந்தார்கள். உயிலில் விடுதலை பெற்ற ஐந்து ஆண்களில் கொல்லர் ஜோசப் ஃபாசெட்டும் ஒருவர். அவர் மனைவி ஈடித், ஜெஃபர்சனின் சமையல்காரி. அவரும் பிள்ளைகளும் அந்த ஏலத்தில் விற்கப்பட்டார்கள். தான் சுதந்திர மனிதனாகப் போகிற ஆண்டில், குடும்பம் ஏலம் போவதைப் பார்த்து நின்றார் ஜோசப். பிறகு காசு சேர்த்து மனைவியையும் பிள்ளைகள் சிலரையும் மீட்டார். பதினொரு வயதில் விற்கப்பட்ட மகன் பீட்டர், பின்னாளில் சின்சினாட்டியில் போதகராகி, 1898இல் இதையெல்லாம் பதிவு செய்தார். 'எல்லா மனிதரும் சமமாகப் படைக்கப்பட்டவர்கள்' என்று எழுதிய கையின் மிச்சம் இது.

4

மூன்றாவது, லிங்கன்–கென்னடி பட்டியல். 1964 வாக்கில் அமெரிக்காவில் கிளம்பி உலகம் சுற்றி வந்தது. 1860, 1960 தேர்தல்கள். இருவரும் சுடப்பட்டது வெள்ளிக்கிழமை. இருவருக்கும் அடுத்து வந்தவர் ஜான்சன், ஒருவர் பிறந்தது 1808, மற்றவர் 1908. இவ்வளவும் சரி. லிங்கனுக்குக் கென்னடி என்று ஒரு செயலாளர் இருந்தார் என்பது கட்டுக்கதை.

ஒற்றுமைப் பட்டியல் வரலாற்றை விதியாக்கிவிடுகிறது. விதிக்குக் காரணம் கேட்க முடியாது. லிங்கன் கொலைக்கோ காரணம் இருந்தது. 1865 ஏப்ரல் 11 அன்று, கறுப்பர்களில் ஒரு பகுதியினருக்காவது வாக்குரிமை தரலாம் என்று அவர் பேசினார். கேட்ட கூட்டத்தில் ஜான் வில்க்ஸ் பூத் நின்றான். மூன்றாம் நாள் சுட்டான்.

சரி, அந்த இரண்டு ஜான்சன்கள்? அடிமை வைத்திருந்த ஆண்ட்ரூ ஜான்சன், விடுதலையான கறுப்பர்களுக்கு 1865 தொடக்கத்தில் ராணுவ ஆணைப்படி ஒதுக்கப்பட்ட கடலோர நிலங்களை அதே ஆண்டு இறுதிக்குள் பழைய பண்ணையார்களுக்கே திருப்பிக்கொடுத்தார். 1866இல் குடியுரிமை மசோதாவை நிராகரித்தார். நாடாளுமன்றம் அவரை மீறி நிறைவேற்ற வேண்டியிருந்தது. லிண்டன் ஜான்சன் 1964இல் குடியுரிமைச் சட்டத்திலும் 1965இல் வாக்குரிமைச் சட்டத்திலும் கையெழுத்திட்டார். அதுவும் அவர் கருணையால் வந்ததல்ல, செல்மாவில் அடிவாங்கியவர்கள் வரவழைத்தது. அவர்களுக்கிடையே நூறு ஆண்டு இழுத்தடிப்பு இருக்கிறது. பட்டியலோ இருவரையும் ஒரே பெயருக்குள் அடைத்து 'ஆச்சரியம்!' என்கிறது. 1965 சட்டத்தின் முக்கியப் பிரிவை 2013இல் உச்ச நீதிமன்றம் செயலிழக்க வைத்தது எந்தப் பட்டியலிலும் சேராது.

5

துணுக்கு படிக்கும் பிள்ளையின் கையிலிருந்து புத்தகத்தைப் பிடுங்க வேண்டியதில்லை. பல் யாருடையது, கேக் செய்தவர் எங்கே போனார், மறுநாள் என்ன நடந்தது என்று கேட்கப் பழக்கினால் போதும். மேலே சொன்ன எதுவும் ரகசியமல்ல. கணக்கேடு, நாட்குறிப்பு, ஏல விளம்பரம் எல்லாம் அதிகாரத்தின் கையாலேயே எழுதி வைக்கப்பட்டவை.

ஒன்று மட்டும் சேர்த்துச் சொல்ல வேண்டும். துணுக்கு தயாரிப்பது அரசுகள் மட்டுமல்ல. இயக்கங்களும் தங்கள் தலைவர்களின் எளிமை, ஞாபகசக்தி, நகைச்சுவை பற்றி ஏராளமாய்த் தயாரிக்கின்றன. அங்கே யாருக்காகச் சமைத்தவர்கள் யார், அவர்கள் பெயர் எந்த ஏட்டில் இருக்கிறது என்ற கேள்வியை நாம் கேட்கத் தயாரா?