ஒரு கோடு ஓடி ஒளிந்த கதை

1970களின் தொடக்கம் வரை பாலாற்றங்கரைத் தோல் ஷாப்புகளில் பேனாவுக்கு வேலை கணக்குப்பிள்ளையின் மேஜையில் மட்டும்தான். ஆம்பூர், வாணியம்பாடி, பேரணாம்பட்டு, ராணிப்பேட்டை என்று எங்கே பார்த்தாலும் பச்சைத்தோல் வந்து இறங்கும், சுண்ணாம்பில் ஊறும், ஆவாரம்பட்டைச் சாற்றில் மூழ்கும், பாதிப் பதத்தில் கட்டுக்கட்டாகக் கப்பலேறும். அதற்குச் சாயம் ஏற்றி மெருகு போட்டுச் செருப்பாகவும் பூட்ஸாகவும் ஆக்கி லாபம் பார்த்ததெல்லாம் ஐரோப்பியர்கள். இந்த ஏற்பாட்டில் இங்கே யாரும் தோலின் மேல் ஒரு கோடுகூடப் போட வேண்டியிருக்கவில்லை. சீதாராமய்யா குழு என்று ஒன்று டெல்லியில் உட்காரும்வரை.

பாதிப் பதத்தில் விற்பதை நிறுத்தி, முடித்த தோலாகவும் தோல் பொருளாகவும் விற்க வேண்டும் என்பது குழுவின் பரிந்துரை. 1973இலிருந்து அரை பதத் தோல் ஏற்றுமதிக்குக் கட்டுப்பாடு வந்தது. முதலாளிகள் தலையில் கைவைத்தார்கள். பிறகு மெல்ல இயந்திரம் வாங்கினார்கள். முடித்த தோல், அதற்கடுத்து ஷூவின் மேற்பகுதியான அப்பர், அதற்கும் அடுத்து முழு ஷூ என்று தொழில் படிப்படியாக ஏறியது. தோல் ஷாப்பு ஊர்களில் ஷூ கம்பெனிகள் முளைத்தன. தையல் மிஷின்களின் முன்னால் வரிசை வரிசையாகப் பெண்கள் வந்து உட்கார்ந்தார்கள். ஒரு தலைவலியும் கூடவே வந்து உட்கார்ந்தது.

ஓர் அப்பர் என்பது பல துண்டுகள் ஒன்றன்மேல் ஒன்று ஏறி உட்கார்ந்து உண்டாவது. எந்தத் துண்டு எதன்மேல் எவ்வளவு ஏற வேண்டும் என்பதற்கு அடையாளம் வேண்டும். நீளத் துளைகள் வெட்டிய ஓர் அட்டையைத் தோலின் மேல் வைத்து, அந்தத் துளை வழியே சில்வர் பேனாவை ஓட்டுவார்கள். அட்டையை எடுத்தால் வெள்ளிக்கோடு. அந்தக் கோட்டோடு ஒட்டித் தைத்தால் சரி. ஒரு மயிரிழை விலகினால் கோடு வெளியே எட்டிப் பார்க்கும். பிறகு அதைக் கிளீனர் தொட்ட துணியால் துடைக்க வேண்டும். அழுத்தித் துடைத்தால் கோட்டோடு தோலின் மெருகும் போய்விடும். துடைக்காமல் விட்டால் தரச் சோதனையில் ஜோடியே தள்ளுபடி. தேவையானபோது இருந்து, தேவை முடிந்ததும் தானாகத் தொலைகிற ஒரு கோடு கிடைத்தால்? அந்தக் கோட்டின் விதை, சீதாராமய்யா குழு கூடிய அதே சில ஆண்டுகளில், ஆம்பூரைக் கேள்விப்பட்டே இராத ஒருவர் தலையில் விழுந்திருந்தது.

ஜப்பானின் நகோயா நகரில் இருந்த பைலட் இங்க் கம்பெனியின் ஆய்வாளர் நோரிகாசு நகாசுஜி. இலையுதிர்காலத்தில் மரங்கள் பச்சையிலிருந்து சிவப்புக்கு மாறுவதைப் பார்த்துச் சொக்கிப்போனார். குளிர் பட்டதும் மலையே நிறம் மாறுகிறதே, இதை ஒரு கண்ணாடிக் குடுவைக்குள் நிகழ்த்திக் காட்ட முடியாதா? மை கம்பெனிக்கு இது உதவாத கேள்வி. மையின் முதல் தகுதியே நிறம் மாறாமல் நிற்பது. எழுதிய எழுத்து வெயிலுக்கும் குளிருக்கும் நிறம் மாறினால் யார் வாங்குவார்கள்? நல்லவேளை, அந்தக் கேள்வியை யாரும் அவரைக் கேட்டுத் தடுக்கவில்லை.

பாதி வழியை அமெரிக்கர்கள் முன்பே போட்டு வைத்திருந்தார்கள். கார்பன் தாள் வைக்காமலே அடியில் நகல் விழும் பில் புத்தகத்தை 1950களில் நேஷனல் கேஷ் ரெஜிஸ்டர் கம்பெனி கொண்டுவந்தது. நிறமில்லாத ஒரு சாயத்தைக் கண்ணுக்குத் தெரியாத உறைகளில் அடைத்துத் தாளின் அடியில் பூசியிருப்பார்கள். பேனா அழுத்தியதும் உறை உடையும், சாயம் கீழ்த்தாளில் உள்ள அமிலத்தன்மை கொண்ட பொருளைத் தொடும், நிறம் பிறக்கும். நகாசுஜி சாயத்தையும் அதற்கு நிறம் கொடுக்கும் பொருளையும் ஒரே உறைக்குள் போட்டு, மூன்றாவதாக ஒன்றையும் சேர்த்தார். இந்த மூன்றாவது பேர்வழி கல்யாணத் தரகர் மாதிரி. அவர் கெட்டியாக இருக்கும்வரை மற்ற இருவரும் சேர்ந்திருப்பார்கள், நிறம் தெரியும். சூட்டில் அவர் உருகினால் ஜோடி பிரிந்துவிடும், நிறம் மறையும். 1975இல் காப்புரிமை கிடைத்தது, மெட்டமோகலர் என்று பெயரும் வைத்தாயிற்று. ஆனால் அதை வைத்து என்ன செய்வது என்பது கம்பெனியில் ஒருவருக்கும் தெரியவில்லை.

குளிர்ந்த தண்ணீர் ஊற்றினால் படம் தோன்றும் காகிதக் கோப்பை செய்தார்கள். வெந்நீரில் நனைத்தால் கூந்தல் நிறம் மாறும் பொம்மை செய்தார்கள். 1992இல் வந்த மெல்-சான் என்ற அந்தப் பொம்மை ஜப்பானியக் குழந்தைகளுக்கு ரொம்பப் பிடித்துப்போனது. கடல் கடந்தும் இந்த ரகச் சாயம் ஆட்டம் காட்டியது. 1991இல் அமெரிக்காவின் ஜெனெரா கம்பெனி, வேறொரு ஜப்பானியக் கம்பெனியின் சாயத்தை வைத்து உடல் சூட்டில் நிறம் மாறும் டி-சர்ட் விற்றது. சில மாதம் பணம் கொட்டியது. வெந்நீரில் துவைத்ததும் சட்டையின் மாயம் செத்தது. அடுத்த ஆண்டே கம்பெனி திவாலானது. துணியும் சூட்டு மையும் சேராத ஜாதகம் என்று அப்போது தோன்றியிருக்கும். விளையாட்டுச் சாமான் என்ற பெயரோடு மெட்டமோகலர் மூலையில் கிடந்திருக்க வேண்டியது.

பேனா கம்பெனியின் ஆட்களுக்கு அதைப் பேனாவுக்குள் அடைக்காமல் தூக்கம் வரவில்லை. இரண்டு முட்டுக்கட்டைகள். உறைகள் பேனா முனைக்குப் பெரிதாக இருந்தன, அடைத்துக்கொண்டன. அதைக்கூட ஒரு மில்லிமீட்டரில் ஆயிரத்தில் இரண்டு மூன்று பங்கு அளவுக்குச் சிறிதாக்கிச் சமாளித்தார்கள். அடுத்ததுதான் பெரிய வில்லன். சூட்டில் மறைந்த நிறம், சூடு ஆறினதும் ஒன்றுமே நடக்காததுபோலத் திரும்பி வந்து நின்றது. சில டிகிரி இடைவெளிதான். போன நிறம் போனபடியே இருக்க வேண்டுமென்றால், ஒரு சூட்டில் உருகி, அதைவிட வெகு கீழே குளிர்ந்தால் மட்டுமே பழைய நிலைக்குத் திரும்பும் பிடிவாதக்காரப் பொருள் வேண்டும். தேடல் முப்பது ஆண்டுகள் இழுத்தது. கடைசியில் 60 டிகிரிக்குச் சற்று மேலே மறைந்து, மைனஸ் 20 டிகிரிக்குப் பக்கத்தில் போனால்தான் முழுசாகத் திரும்பும் கலவை அகப்பட்டது. அதுவரை வந்தும், கம்பெனி செய்தது என்ன? தேய்த்தால் ஒரு நிறம் இன்னொரு நிறமாக மாறும் வேடிக்கைப் பேனா.

அதைப் பார்த்த பைலட்டின் ஐரோப்பியக் கிளைத் தலைவர் ஒரு பிரெஞ்சுக்காரர். அவர் நாட்டுப் பள்ளிப் பிள்ளைகள் மைப்பேனாவில் எழுதி, பிழையை அழிக்கத் தனி மருந்துப் பேனா வைத்திருப்பவர்கள். நிறத்திலிருந்து நிறத்துக்கு எதற்கு, நிறத்திலிருந்து ஒன்றுமில்லாமைக்கு மாற்ற முடியாதா என்று அவர் கேட்டார். ஆய்வுக்கூடத்தில் இத்தனை பேர் முப்பது ஆண்டு கட்டிக்கொண்டு அழுத சரக்குக்கு விற்பனைக்காரர் ஒருவரின் ஒற்றைக் கேள்வி வழிகாட்டியது. 2006இல் பேனா முதலில் இறங்கியது பிரான்ஸில். சொந்த ஊரான ஜப்பானுக்கு அடுத்த ஆண்டுதான். பேர் ஃப்ரிக்ஷன். பின்புறத்து ரப்பர் குமிழால் தேய்த்தால் உரசல் சூட்டில் எழுத்து மாயமாகும். உலகம் முழுக்க நூறு கோடிக்கும் மேல் விற்றது. இத்தனையும் காகிதத்துக்காகச் செய்த பேனா. கம்பெனி எதிர்பாராத ஒரு கூட்டம் அதைக் கடையிலிருந்து அள்ளிக்கொண்டு போனது.

அமெரிக்காவில் துண்டுத்துணி ஒட்டுப்போர்வை தைக்கும் பெண்கள் அவர்கள். சாக்கட்டிக் கோடு கை பட்டே கலையும், பென்சில் கோடு துவைத்தாலும் போகாது. இந்தப் பேனாவில் கோடு இழுத்துத் தைத்து, மேலே இஸ்திரிப் பெட்டியை ஓட்டினால் கோடு காணோம். தமிழ்நாட்டில் ஆரி வேலை செய்கிறவர்களுக்கும் விஷயம் எட்டியது. டிரேசிங் தாளில் ஊசியால் பொத்தல் போட்டு, மண்ணெண்ணெயில் குழைத்த பொடியைத் தேய்த்து டிசைன் இறக்கும் வித்தைக்குப் பக்கத்திலேயே இந்தப் பேனாவும் இடம்பிடித்தது. பிறகு சீனாவிலிருந்து சூட்டில் மறையும் ரீஃபில்கள் கட்டுக்கட்டாக வந்தன, ஷூ தைக்கும் மேஜைகளையும் தேடிக்கொண்டு. குரோம் பதமிட்ட தோல் கொதிநீர்ச் சோதனைக்கே அசையாதது. 60 டிகிரி அதற்கு ஒரு பொருட்டில்லை. சுருக்கம் நீக்கவும் நூல் பிசிறைக் கருக்கவும் ஷூவின் மேல் எப்படியும் சூடான காற்று அடித்தாக வேண்டும். அதே காற்றில் கோடும் போய்விடும். துடைக்கும் வேலை மிச்சம். கதை இங்கே சுபம் என்று எழுதியிருக்கலாம். பனிக்காலம் மட்டும் குறுக்கே வராமல் இருந்தால்.

ஒட்டுப்போர்வைக்காரர்கள்தான் முதலில் அலறினார்கள். ஆசையாகத் தைத்து இஸ்திரி போட்டுத் தொலைதூரத்துக்கு அனுப்பிய போர்வை, கடுங்குளிரில் பயணம் செய்து போய்ச் சேர்ந்தபோது அழித்த கோடுகள் அத்தனையும் வரிவரியாக எழுந்து நின்றன. மை அழியவே இல்லை, நிறத்தை மட்டும்தான் இழந்திருந்தது. உறைகள் நூலிழைக்குள் அப்படியே உட்கார்ந்திருந்தன. ஆழ்ந்த நிறத் துணியிலும் தோலிலும் சில சமயம் குளிர்கூடத் தேவைப்படவில்லை, நிறம் போன இடத்தில் வெளிறிய தடம் தெரிந்தது. பாலாற்றங்கரையில் தோலில் கோடு போடுகிறவர்களுக்கு அந்தப் பயம் உள்ளூரில் கிடையாது. இங்கே கோடு திரும்பி வர வேண்டுமானால் வீட்டு ஃப்ரீஸருக்குள் போக வேண்டும். மே மாதத்தில் பூட்டிய காரின் டாஷ்போர்டில் இந்தப் பேனாவில் எழுதிய நோட்டை மறந்து வைத்தால் பக்கமே வெள்ளையாகிவிடும், அது வேறு கூத்து.

ஆனால் ஆம்பூர் ஷூ ஆம்பூரில் நடப்பதற்காகச் செய்ததல்ல. 40 டிகிரி வெயிலில் தைக்கப்பட்டு, ஜனவரிப் பனியில் ஐரோப்பியத் தெருவில் நடக்கப் போவது. அதனால் விவரம் தெரிந்தவர்கள் கோட்டை எப்போதும் மேல் துண்டு மூடப்போகும் பக்கமாகவே போடுகிறார்கள். புதுத் தோலோ புது ரீஃபிலோ வந்தால் ஒரு வெட்டுத்துண்டில் கோடு இழுத்து, சூடு காட்டி மறைத்து, ஓர் இரவு ஃப்ரீஸரில் வைத்துக் காலையில் எடுத்துப் பார்ப்பது நல்லது. கறுப்புத் தோலுக்கு இன்றைக்கும் பழைய சில்வர் பேனாதான், கூடவே கிளீனர் தொட்ட துணியும்.