கீழ்வாய் இலக்கப் பெருக்கமும் தஞ்சைக் கல்வெட்டு நில அளவும்

தமிழர் கணக்கியலில் முழு எண்கள் மேல்வாய் இலக்கம் எனவும், ஒன்றிற் குறைந்த பின்னங்கள் கீழ்வாய் இலக்கம் எனவும் வழங்கப்பெற்றன. கீழ்வாய் இலக்கத்தின் அடிப்படை முந்திரி, அஃது 1/320. இரண்டு முந்திரி கொண்டது அரைக்காணி. நான்கு கொண்டது காணி. பதினாறு கொண்டது மா. இருபது கொண்டது மாகாணி அல்லது வீசம். எண்பது கொண்டது கால். இவ்விலக்கங்களைத் தம்முட் பெருக்குங்கால் வரும் பயனை முன்னோர் எவ்வாறு சுருக்கினர் என்பதையும், அம்முறையை நோக்காமையால் தஞ்சைப் பெருங்கோயிற் கல்வெட்டுகள் பற்றி எழுந்த ஒரு கருத்தையும் ஈண்டு ஆராய்வோம்.

முதற்கண் சொல்லமைதியை நோக்குதல் வேண்டும். அரைக்கால் என்பது அரையும் காலும் அன்று. காலிற் பாதி, அதாவது 1/8. அரைமா, அரைக்காணி என்பனவும் இவ்வாறே பெருக்கத்தை உணர்த்துவன. மாகாணியோ மாவும் காணியும் என விரியும் உம்மைத்தொகை. 1/20 உடன் 1/80 கூட 1/16 ஆகும். 'அரையே அரைக்கால்' என்புழி வரும் ஏகாரம் எண்ணேகாரம். அதன் பயன் கூட்டல், ஆகவே 5/8. இங்ஙனம் பெருக்கலையும் கூட்டலையும் தனிக்குறி இன்றித் தொகையானும் இடைச்சொல்லானும் வேறுபடுத்திக் காட்டியமை எமக்கு மிகச் செவ்விய ஏற்பாடாகவே தோன்றுகின்றது.

இனிப் பெருக்கம். காலைக் காலாற் பெருக்க மாகாணி. மாவைக் காலாற் பெருக்கக் காணி. காணியைக் காலாற் பெருக்க முந்திரி. இவற்றிற்குச் சுருக்கமே வேண்டா. பயனுக்குப் பெயர் முன்னரே அமைந்துள்ளது. எண்சுவடியிற் சிறுகுழி எனப்படும் வாய்பாடு இத்தகைய பயன்களையே மாணாக்கர்க்கு நெட்டுருச் செய்வித்தது. பெயரில்லாப் பயன் வரின், பேரலகு முதலாகச் சிற்றலகு ஈறாக அடுக்கி உரைப்பர். முக்காலை முக்காலாற் பெருக்கின் 9/16. அஃது அரையே மாகாணி. தொகுதியையும் பகுதியையும் பொது எண்ணால் வகுத்துச் சுருக்கும் இக்காலப் பள்ளிமுறைக்கும் இதற்கும் நோக்கம் ஒன்றேயாயினும் வழி வேறு.

10¼ கோல் நீளமும் 8¾ கோல் அகலமும் உடைய ஒரு நிலத்தைக் கொள்வோம். பத்தை எட்டாற் பெருக்க 80. பத்தை முக்காலாற் பெருக்க 7½. காலை எட்டாற் பெருக்க 2. காலை முக்காலாற் பெருக்க மூவீசம். ஆகக் குழி எண்பத்தொன்பதே அரையே மூவீசம். கோலால் அளந்த கணக்கன் காலுக்குக் குறைந்த எதனையும் அளக்கவில்லை. ஆயினும் விடையில் வீசம் வந்துவிட்டது என்பதைக் கருத்திற் கொள்க.

மாவை மாவாற் பெருக்கின் வருவது 1/400. இது முந்திரியினும் சிறிது. முந்திரியில் ஐந்தில் நான்கு. இதற்கென வேறு பெயர் படைத்திலர். முந்திரியையே புதிய ஒன்றாகக் கொண்டு, 'கீழ்' என்னும் சொல்லை முன்னிறுத்தி, முன்னைய பெயர்களையே மீளவும் வழங்கினர். கீழ் முக்காலே ஒருமா என்பது விடை. கீழ் முந்திரி 1/1,02,400 ஆகும். 'கீழ்' மீண்டும் அடுக்கினால் அதனினும் 320 மடங்கு நுண்மை எய்தும்.

முதலாம் இராசராசன் 1010-இல் நிறைவுசெய்த தஞ்சைப் பெருங்கோயிலின் கல்வெட்டுகள் ஊர்தோறும் மொத்த நிலத்தைக் கூறி, ஊர்நத்தம், குளம், வாய்க்கால், சுடுகாடு முதலிய இறையிலி நிலங்களைக் கழித்து, எஞ்சியதை வேலியிலும் அதன் பின்னங்களிலும் கூறுகின்றன. முந்திரிகைக் கீழ் என்னும் வழக்கு அங்குப் பயில்கின்றது. இவற்றைக் கண்டோர், ஒரு வேலியில் 5242,88,00,000-இல் ஒரு பங்கு வரை நிலம் அளக்கப்பட்டது என வியந்து எழுதினர். அவ்வியப்பு நூலுக்கு நூல் பெயர்ந்து வருகின்றது. அளக்கப்பட்டது என்பதே எமக்கு உடன்பாடன்று. அவ்வளவு நுண்ணிய நிலத்தைக் கோலும் காட்டாது, கண்ணும் காணாது. அவ்வெண்ணைப் பகுத்து நோக்கின் 320-ஐ நான்கு முறை தம்முட் பெருக்கி ஐந்தாற் பெருக்கியதாகும். அஃதாவது நான்கு கீழ்களின் அடியில் நின்ற நாலுமா, 1/5. இது கணக்கிற் பிறந்த எண்ணேயன்றிக் கழனியிற் பிறந்ததன்று.

இதற்குச் சான்று அளவை முறையிலேயே உண்டு. வேலி இருபது மா. நூறு குழி கொண்டது ஒரு மா என்னும் வழக்கின்படி வேலி 2,000 குழி. ஆகவே வேலியின் முந்திரி 6¼ குழி. அதனிற் குறைந்த எதுவும் கீழ் இன்றிச் சொல்லற்கு இயலாது. ஒரே ஒரு குழியை வேலியாக்கினும், கீழ் மூன்றுமா அரைக்காணி முந்திரி, அதன் கீழ் நாலுமா என இருபடி இறங்குகின்றது. குழியின் பின்னமும் பெருக்கத்தில் நுழையின் மேலும் இறங்குதல் இயல்பு. 256 குழி கொண்டது ஒரு மா என்னும் மற்றொரு வழக்கில் வேலி 5,120 குழி. அங்கே ஒரு குழி மிச்சமின்றிக் கீழ் மாகாணி ஆகிவிடுகின்றது. பதினாறின் வர்க்கமாகிய அவ்வெண் சுருக்கத்திற்கு எத்துணை இசைந்தது!

எனவே சோழர் கணக்கரைப் புகழ வேண்டின், காணவொண்ணா நிலத்தை அளந்தார் எனப் புகழ்தல் பொருந்தாது. பெருக்கத்தில் எஞ்சிய மிச்சத்தைக் கைவிடாது கல்லிற் பொறித்தனர் என்பதே உண்மைப் புகழ். மாகாணி ஓர் அணாவாய்ப் புழங்கிய உரூபாய்க் கணக்கு 1957-இல் பதின்ம நாணயத்திற்கு இடந்தந்த பின்னர், இப்பெயர்களை வாயாற் கூட்டிப் பெருக்கும் பயிற்சி அருகிவிட்டது.

கல்வெட்டுப் படிப்போர்க்கு இதனால் ஒரு கடமை உண்டு. சிதைந்த வரியில் 'கீழ்' என்னும் ஒரு சொல் விடுபடின் பின்னம் 320 மடங்கு பெருகும். 256 குழி வழக்கில் ஒரு குழியாகிய கீழ் மாகாணி, வெறும் மாகாணியாகி 320 குழியாய் நிற்கும். ஊரின் மொத்த நிலத்தினின்று இறையிலியைக் கழித்து எஞ்சியதோடு ஒப்பிட்டால் இத்தகைய விடுபாடு உடனே வெளிப்படும். அத்தொகைகள் கல்வெட்டிலேயே உள்ளன; பாடங்கொள்ளுமுன் அவற்றைக் கூட்டிப் பார்த்தல் வேண்டும்.