சாம்பல் மழையும் தாய்மார்களின் கையொப்பமும்



அணுகுண்டு என்றவுடன் 1945இல் அழிந்த ஹிரோஷிமாவும் நாகசாகியும் நம் நினைவிற்கு வருகின்றன. ஒன்பது ஆண்டுகள் கழித்து ஜப்பானிய மீன்பிடிப் படகு ஒன்றிற்கு நேர்ந்த துயரத்தைப் பலர் அறியார்.

1954 மார்ச் 1ஆம் நாள், பசிபிக் பெருங்கடலில் உள்ள பிகினி பவளத்தீவில் அமெரிக்கா ஒரு ஹைட்ரஜன் குண்டைச் சோதித்தது. ஏறத்தாழ 6 மெகாடன் ஆற்றல் வெளிப்படும் என அறிவியலாளர் கணித்திருந்தனர். வெளிப்பட்டதோ 15 மெகாடன். பெரிதாக வினைபுரியாது என்று கருதப்பட்ட லித்தியம்-7 வினையில் பங்கேற்றதே இதற்குக் காரணம்.

பொடியான பவளப்பாறை கதிரியக்கச் சாம்பலாக ரொங்கலாப் தீவு மக்கள்மீது பொழிந்தது. இரண்டு நாள் கழித்தே அவர்கள் வெளியேற்றப்பட்டனர். தடைசெய்யப்பட்ட எல்லைக்கு அப்பால் சூரைமீன் பிடித்துக்கொண்டிருந்த 'டைகோ ஃபுக்குரியூ மாரு' படகிலும் அச்சாம்பல் படிந்தது. அது இன்னதென்று அறியாமலே படகிலிருந்த 23 பேரும் பணியைத் தொடர்ந்தனர். மார்ச் 14ஆம் நாள் யாய்சு துறைமுகம் திரும்பியபோது அவர்களின் தோல் வெந்திருந்தது. முடி உதிரத் தொடங்கியிருந்தது. வானொலி இயக்குநர் ஐக்கிச்சி குபோயாமா செப்டம்பர் 23ஆம் நாள் உயிர்நீத்தார்.

அதற்கு முன்பே அப்படகின் மீன்கள் சந்தைக்குச் சென்றிருந்தன. தோக்கியோவின் சுக்கிஜி சந்தையில் கைகர் கருவி கொண்டு சோதித்து, நச்சேறிய மீன்களை மண்ணில் புதைத்தனர். மக்கள் மீன் வாங்க அஞ்சினர்; மீன் வணிகர்கள் நலிந்தனர்.

அணுவியல் இவ்வாறு அடுக்களைக்குள் நுழைந்தபோது இல்லத்தரசிகள் வாளாவிருக்கவில்லை. 1954 மே மாதம், தோக்கியோவின் சுகினாமி வட்டாரத்துப் பெண்களும் மீன் வணிகர்களும் அணுகுண்டுகளுக்கு எதிராகக் கையொப்பம் திரட்டத் தொடங்கினர். வீடு வீடாகப் பரவிய அவ்வியக்கம் 1955 ஆகஸ்டுக்குள் மூன்று கோடிக்கும் மேற்பட்ட கையொப்பங்களைப் பெற்றது. அம்மாதமே ஹிரோஷிமாவில் அணுகுண்டு எதிர்ப்பு உலக மாநாடு முதன்முறையாகக் கூடியது.

வளிமண்டலம், விண்வெளி, நீரடி ஆகியவற்றில் அணுச்சோதனையைத் தடைசெய்யும் ஒப்பந்தம் 1963இல்தான் கையெழுத்தானது. உலகெங்கும் எழுந்த மக்கள் குரலும் அதற்கொரு காரணம்.

கதிரியக்கத்தைக் கற்பிக்கும்போது அதன் அலகுகளோடு இவ்வரலாற்றையும் மாணவர்க்குச் சொல்வோம். வல்லுநரின் கணக்கு பிழைத்தபோது, அக்கணக்கில் இடம்பெறாத மீனவர்களும் தீவு மக்களுமே விலை கொடுத்தனர். தம் பிள்ளைகளின் தட்டில் விழும் உணவைப் பற்றிக் கேள்வி கேட்ட தாய்மார்களுக்கு அணுவியல் பட்டம் எதுவும் தேவைப்படவில்லை. கேள்வி கேட்கும் அத்துணிவை நம் பிள்ளைகளும் பெறட்டும்.