கிடை

அறுவடை முடிந்த வயலில் இரவில் ஆடுகளை மறித்துவைத்து, புழுக்கையையும் மூத்திரத்தையும் நிலத்துக்கு உரமாக்கும் முறை. அந்த மந்தைக்கும் கிடை என்றே பெயர். ராமநாதபுரம், சிவகங்கைப் பகுதியின் ஆட்டு மேய்ப்பர்களான கீதாரிகள் கோடையில் காவிரிப் படுகைவரை செம்மறிகளோடு நடப்பதுண்டு. கிடை போட்டதற்கு நிலக்காரர் நெல்லோ பணமோ தருவார்.

நல்ல கீதாரி ஆட்டை எண்ணவேண்டியதில்லை. காதின் வெட்டு, நெற்றிச் சுட்டி, கத்தும் குரல் இவற்றை வைத்தே அந்திக் கருக்கலில் எது வரவில்லை என்று சொல்லிவிடுவார். தாயாடு மோந்து பார்த்துத் தன் குட்டிக்கு மட்டுமே மடி கொடுக்கும். தாயிழந்த குட்டி வந்தால் உதைத்துத் தள்ளும். கீதாரி அந்தத் தாயாட்டின் தலையைத் தன் முழங்கால்களுக்கிடையே இடுக்கிக்கொண்டு, குட்டியின் வாயில் காம்பை வைப்பார். ஆடு சமாதானமாகும்வரை வேளை தவறாமல் இப்படியே. இவ்வளவு பொறுமை கேட்கும் தொழில்கள் சிலவே. மழைநாளில் ஈன்ற குட்டி அவருடைய துப்பட்டிக்குள்தான் கிடக்கும்.

ரசாயன உரம் பரவியதாலும் மேய்ச்சல் நிலம் சுருங்கியதாலும் கிடைகள் குறைந்துவிட்டன. கரிசல்காட்டு ஆட்டுக்காரர்களைச் சொல்லும் கி. ராஜநாராயணனின் ‘கிடை’ குறுநாவல், 2003இல் அம்ஷன் குமார் இயக்கத்தில் ‘ஒருத்தி’ என்னும் திரைப்படமானது.