பிரவுனர் தீர்த்த கடன்

1945-ஆம் ஆண்டு போர் ஓய்ந்தபோது பெர்லின் மாநகரம் இடிபாடுகளின் குவியலாகக் கிடந்தது. உணவுக்கும் உறையுளுக்கும் மக்கள் அலைந்த அந்நகரில், மறு ஆண்டே ஒரு திரைப்பட நிறுவனம் தோன்றிற்று. அதனை நிறுவியவர் ஜெர்மானியர் அல்லர். நாஜிகளின் கொலைக்கரத்திற்குத் தப்பிய போலந்து நாட்டு யூத இளைஞர் என்று அறியும்போது நம் வியப்புப் பன்மடங்காகிறது. அவரே ஆர்தூர் பிரவுனர்.

1918-இல் லோட்ஸ் நகரில் பிறந்த அவர், நாஜிகளின் கொடுமைக்கு உறவினர் 49 பேரைப் பறிகொடுத்தவர். பெற்றோர் பின்னர் இஸ்ரேல் சென்றனர். அவரோ பெர்லினிலேயே தங்கினார். தம் நிறுவனத்திற்குச் 'சென்ட்ரல் சினிமா கம்பெனி' எனப் பெயரிட்டார். வதைமுகாமினின்று தப்பியோர் காட்டில் மறைந்து வாழ்வதைக் காட்டும் 'மொரிட்டூரி' என்னும் படத்தை 1948-இல் வெளியிட்டார். 'சாகப் போகின்றவர்கள்' என்பது அந்த லத்தீன் சொல்லின் பொருள். மக்கள் அதனைக் காண விரும்பவில்லை. தம் கண்ணெதிரே நிகழ்ந்த கொடுமையைத் திரையில் காண எவர் மனம்தான் துணியும்? தயாரிப்பாளர் கடனில் மூழ்கினார்.

அத்தோல்வி அவருக்கு ஒரு வழியைக் கற்பித்தது. மக்கள் விரும்பிய இசைப் படங்களையும் துப்பறியும் படங்களையும் எடுத்துப் பொருளீட்டினார். முன்பு படையினர் நச்சுவாயு ஆராய்ச்சி நடத்திய ஸ்பாண்டாவ் பகுதிக் கட்டடங்களே அவருடைய ஸ்டூடியோவாக மாறின. நாஜி ஆட்சியில் நாடு நீங்கிய இயக்குநர்களையும் அவர் மீண்டும் அழைத்தார். ராபர்ட் சியோத்மாக் இயக்கிய 'எலிகள்' 1955-இல் பெர்லின் விழாவில் தங்கக் கரடிப் பரிசு பெற்றது.

1933-இல் வெளியேறிய பிரிட்ஸ் லாங் திரும்பி வந்து எடுத்தவையே 'எஷ்னாபூர்ப் புலி', 'இந்தியக் கல்லறை' என்னும் 1959-ஆம் ஆண்டுப் படங்கள். அவற்றின் காட்சிகள் சில நம் உதயப்பூரில் எடுக்கப்பட்டன. மகாராஜாவும் ஆலய நடனமாதும் நிறைந்த அக்கற்பனை இந்தியா நாம் அறிந்த இந்தியா அன்று. விமரிசகர் எள்ளினர், மக்களோ திரண்டு சென்று கண்டனர்.

இங்ஙனம் ஈட்டிய பொருள் கொண்டு, தோற்ற இடத்திற்கே அவர் மீண்டும் மீண்டும் திரும்பினார். இத்தாலியருடன் கூட்டாகத் தயாரித்த 'பின்ஸி-கொந்தினிகளின் தோட்டம்' ஆஸ்கார் விருது பெற்றது. ஹிட்லர் இளைஞர் படையில் தன் பிறப்பை மறைத்து வாழ்ந்த யூதச் சிறுவனின் உண்மை வரலாறு 1990-இல் படமாயிற்று. அதனை ஆஸ்கார் போட்டிக்கு அனுப்ப ஜெர்மானியத் தேர்வுக்குழு மறுத்தது. அமெரிக்காவிலோ 1992-இல் அதற்குக் கோல்டன் குளோப் பரிசு கிடைத்தது.

2009-இல் இத்தகைய படங்கள் 21-ஐ ஜெருசலேமின் யாத் வாஷெம் நினைவகத்திற்கு அளித்தார். 2019-இல், தம் 100-ஆம் வயதில், பெர்லினிலேயே மறைந்தார்.

கேளிக்கைப் படம் எடுத்தவர் என்று அவரை இகழ்வாரும் உளர். அக்கேளிக்கை ஈட்டித் தந்த பொருளன்றோ மாண்டோரின் கதையை மறவாது காத்தது! பிழைப்புக்கென ஒரு தொழில், நெஞ்சுக்கென ஒரு கடமை. இரண்டையும் ஒரே ஊரில், ஒரே வாழ்வில் நிறைவேற்றினார் பிரவுனர். பிறந்த மண் விட்டு வாழும் நாம் எண்ணிப் பார்க்கத்தக்க வாழ்வு அது.