பறக்காத பெரும்பறவைகளும் டைனோசர்களும்

தீக்கோழி, ஈமு, ரியா, கசோவரி ஆகியவை இன்று உயிரோடிருக்கும் பறக்காத பெரும்பறவைகள் ஆகும். நியூசிலாந்தின் மோவாவும் மடகாஸ்கரின் யானைப்பறவையும் இக்கூட்டத்தைச் சேர்ந்தவையே. அவை மனிதர் காலத்திலேயே அழிந்துபோயின. செதில் மூடிய வலிய கால்கள், நீண்ட கழுத்து, சிறிய தலை, நிமிர்ந்த நடை ஆகியவற்றைக் காணும் எவருக்கும் டைனோசரின் நினைவு வருவது இயல்பு. ஆனால் பத்தொன்பதாம் நூற்றாண்டின் தலைசிறந்த உடற்கூற்று அறிஞர்களுக்கு அந்த நினைவு அவ்வளவு எளிதாக வரவில்லை. டைனோசர்களுக்குப் பெயர் சூட்டியவரும், மோவா என்ற பறவை இருந்ததை அறிவியல் உலகுக்கு எடுத்துச் சொன்னவரும் ஒருவரே. இரண்டின் எலும்புகளும் ஏறத்தாழ ஒரே காலத்தில் அவர் கையில் இருந்தன. எனினும் அவற்றுக்கிடையே உறவு இருப்பதாக அவர் கருதவில்லை. அந்த உறவு எவ்வாறு கண்டறியப்பட்டது, எவ்வாறு கைவிடப்பட்டது, மீண்டும் எவ்வாறு நிலைநாட்டப்பட்டது என்பதே இக்கட்டுரையின் பொருள்.

ஓர் எலும்புத் துண்டு

1839ஆம் ஆண்டில் ஜான் ரூல் என்னும் மருத்துவர் இலண்டனிலுள்ள அரச அறுவை மருத்துவர் கல்லூரிக்கு ஓர் எலும்புத் துண்டைக் கொண்டுவந்தார். அது நியூசிலாந்திலிருந்து வந்தது. ஏறத்தாழ 15 சென்டிமீட்டர் நீளம் கொண்டது. இரு முனைகளும் உடைந்திருந்தன. அக்கல்லூரியின் அருங்காட்சியகத்தில் பணியாற்றிய ரிச்சர்ட் ஓவன் முதலில் அதைப் பெரிதாக எண்ணவில்லை. மாடு போன்ற ஏதோ ஒரு விலங்கின் எலும்பாக இருக்கலாம் என்றே நினைத்தார். பின்னர் அருங்காட்சியகத்திலிருந்த பல எலும்புக்கூடுகளுடன் ஒவ்வொன்றாக ஒப்பிட்டுப் பார்த்தார். உட்புறத்தில் காணப்பட்ட தேன்கூடு போன்ற அமைப்பு பாலூட்டிகளின் எலும்பில் இல்லாதது. பறவையின் எலும்புக்கே உரியது.

அதே ஆண்டு நவம்பரில் இலண்டன் விலங்கியல் கழகத்தின் கூட்டத்தில் ஓவன் தம் முடிவை அறிவித்தார். அது ஒரு பறவையின் தொடையெலும்பு; அப்பறவை தீக்கோழிக்கு இணையான பருமனுடையது; அதைவிடக் கனமானது; நியூசிலாந்தில் வாழ்ந்தது அல்லது இன்னும் வாழ்கிறது. ஒரே ஒரு துண்டைக் கொண்டு இவ்வளவு சொல்வது துணிவான செயல். அவருடைய கட்டுரையை வெளியிடவே கழகத்தினர் சிலர் தயங்கினர். 1843இல் வில்லியம் வில்லியம்ஸ் என்னும் கிறித்தவ ஊழியர் நியூசிலாந்திலிருந்து அனுப்பிய எலும்புகள் பெட்டி பெட்டியாக இலண்டனை அடைந்தன. ஓவன் கூறியது சரியென்று அவை மெய்ப்பித்தன. அப்பறவைக்கு அவர் ‘டைனோர்னிஸ்’ என்று பெயரிட்டார்.

டைனோசர் என்னும் பெயர்

மோவாவின் முதல் எலும்புக்கும் பெட்டிகளின் வருகைக்கும் இடைப்பட்ட காலத்தில்தான் ஓவன் தம் வாழ்வின் மிகப் புகழ்பெற்ற பணியைச் செய்தார். இங்கிலாந்தின் பாறைகளில் கிடைத்த மெகலோசாரஸ், இகுவானோடான், ஹைலியோசாரஸ் என்னும் மூன்று பெரிய ஊர்வனவற்றின் எலும்புகளை அவர் ஆராய்ந்தார். இடுப்போடு சேரும் முதுகெலும்புகள் அவற்றில் ஒன்றாக இணைந்திருந்தன. கால்கள் பல்லியின் கால்களைப்போல் பக்கவாட்டில் விரியாமல் உடலின் கீழே தூண்களாக நின்றன. எனவே இவை ஒரு தனிக்குழு எனக் கண்டு, 1842இல் வெளிவந்த அறிக்கையில் ‘டைனோசாரியா’ என்னும் பெயரைச் சூட்டினார்.

இரு பெயர்களிலும் உள்ள ‘டைனோ’ என்பது அச்சமூட்டும் பெருமையைக் குறிக்கும் ஒரே கிரேக்கச் சொல். ஒன்றுடன் ‘பல்லி’யைச் சேர்த்தார், மற்றொன்றுடன் ‘பறவை’யைச் சேர்த்தார். ஆனால் ஓவன் மனத்தில் கண்ட டைனோசர் பறவையைப் போன்றதன்று. நான்கு தடித்த கால்களில் நிற்கும், யானை அல்லது காண்டாமிருகத்தை ஒத்த ஊர்வனவாகவே அவர் அதை எண்ணினார். 1854இல் இலண்டனின் கிரிஸ்டல் பேலஸ் பூங்காவில் அமைக்கப்பட்ட உருவச் சிலைகள் அந்த எண்ணத்தின்படியே வடிக்கப்பட்டன. அவற்றை இன்றும் அங்கே காணலாம்.

இதற்கு ஒரு காரணம் உண்டு. அப்போது கிடைத்திருந்த டைனோசர் எலும்புகள் மிகச் சிலவே. முழு எலும்புக்கூடு ஒன்றும் இல்லை. மற்றொரு காரணம் கொள்கை சார்ந்தது. ஓர் உயிரினம் வேறோர் உயிரினமாக மெல்ல மாறக்கூடும் என்று அக்காலத்தில் சிலர் கூறிவந்த கருத்தை ஓவன் எதிர்த்தார். உறவைத் தேடாதவருக்கு ஒற்றுமை கண்ணில் படுவது கடினம்.

பறவைகளின் காலடிகள் எனக் கருதப்பட்டவை

இதே காலத்தில் அமெரிக்காவின் மாசசூசெட்ஸ் மாநிலத்தில் மற்றொருவர் எதிர்த்திசையிலிருந்து இக்கேள்வியை நெருங்கினார். கனெக்டிகட் ஆற்றுப் பள்ளத்தாக்கின் செந்நிறப் பாறைகளில் மூன்று விரல் காலடித்தடங்கள் ஏராளமாக இருந்தன. 1802இல் பிளினி மூடி என்னும் பண்ணைச் சிறுவன் உழும்போது அத்தகைய தடங்கள் உள்ள ஒரு கல்லைக் கண்டெடுத்தான். அவை நோவாவின் பேழையிலிருந்து பறந்த காகத்தின் தடங்கள் என ஊரார் பேசிக்கொண்டனர். ஆம்ஹெர்ஸ்ட் கல்லூரியின் பேராசிரியர் எட்வர்ட் ஹிட்ச்காக் அவற்றை முறையாக ஆராய்ந்து, 1836இல் கட்டுரை வெளியிட்டார். இவை பழங்காலப் பெரும்பறவைகளின் தடங்கள் என்பது அவர் முடிவு.

தீக்கோழியைவிடப் பெரிய பறவை ஒருபோதும் இருந்திருக்க இயலாது எனப் பலர் மறுத்தனர். மோவாவின் செய்தி வந்தபோது ஹிட்ச்காக்கின் கருத்து வலுப்பெற்றது. அத்தகைய பேருருவப் பறவைகள் உண்மையிலேயே இருந்தன என்பதற்கு நியூசிலாந்தின் எலும்புகள் சான்றாயின. 1864இல் இறக்கும்வரை அவர் இப்பணியைத் தொடர்ந்தார். பிற்காலத்தில் அத்தடங்கள் டைனோசர்களுடையவை எனத் தெரிந்தது. அவற்றின் வயது சுமார் 20 கோடி ஆண்டுகள். விலங்கின் பெயரில் ஹிட்ச்காக் தவறினார். ஆனால் அக்காலடிகளைப் பறவைக்குரியவை எனக் கண்ட அவருடைய கண்கள் தவறவில்லை.

ஹக்ஸ்லியின் ஒப்பீடு

1859இல் டார்வினின் ‘உயிரினங்களின் தோற்றம்’ வெளிவந்தது. இரண்டு ஆண்டுகள் கழித்து ஜெர்மனியின் சோல்ன்ஹோஃபன் சுண்ணாம்புப் பாறையில் ஆர்க்கியாப்டெரிக்ஸின் எலும்புக்கூடு கிடைத்தது. இறகுகளும் நீண்ட எலும்பு வாலும் ஒருங்கே கொண்ட உயிர் அது. பிரிட்டிஷ் அருங்காட்சியகத்திற்காக அதை வாங்கியவர் ஓவன். 1863இல் அதை விவரித்தபோதும் அது பறவையே என்பதோடு நிறுத்திக்கொண்டார்.

டார்வினின் ஆதரவாளரான தாமஸ் ஹென்றி ஹக்ஸ்லி 1868 முதல் 1870 வரை வெளியிட்ட கட்டுரைகளில் அடுத்த படியை எடுத்துவைத்தார். டைனோசர்களின் இடுப்பெலும்பையும் பின்னங்கால்களையும் தீக்கோழி, ஈமு போன்ற பறவைகளுடைய எலும்புகளின் அருகே வைத்து ஒப்பிட்டார். குறிப்பாகக் கணுக்கால் அவர் கவனத்தை ஈர்த்தது. வளர்ந்த பறவையில் கணுக்கால் எலும்புகள் கால் எலும்புடன் இணைந்து மறைந்துவிடுகின்றன. ஆனால் குஞ்சுப் பருவத்தில் அவை தனித்து நிற்கின்றன. அந்நிலையில் அவை டைனோசரின் கணுக்காலை ஒத்திருந்தன. முட்டைக்குள் பாதி வளர்ந்த கோழிக்குஞ்சின் பின்பகுதியைப் பெரிதாக்கிக் கல்லாக மாற்றினால், அதை டைனோசர் வகையில் சேர்க்கத் தடையேதும் இராது என்பது அவர் கருத்து. ஓவன் இதனை ஏற்கவில்லை.

பெல்ஜியச் சுரங்கத்தின் சான்று

1878இல் பெல்ஜியத்தின் பெர்னிசார் என்னும் ஊரில் நிலக்கரிச் சுரங்கத்தின் ஆழத்தில் இகுவானோடான் எலும்புக்கூடுகள் பல முழுமையாகக் கிடைத்தன. அவற்றை நிறுத்திக் காட்டும் பொறுப்பு லூயி டோலோவிடம் வந்தது. முன்னங்கால்கள் சிறியவை, பின்னங்கால்கள் பெரியவை என்பது தெளிவாயிற்று. ஓவனின் நான்கு கால் யானை உருவம் பொருந்தவில்லை. டோலோ ஒரு கசோவரியின் எலும்புக்கூட்டையும், கங்காருவின் உறவான வாலபியின் எலும்புக்கூட்டையும் அருகே வைத்துக்கொண்டு, அவற்றை மாதிரியாகப் பார்த்து இகுவானோடானை இரு கால்களில் நிமிர்த்தினார். பறக்காத பெரும்பறவை ஒன்று டைனோசரை எழுப்பி நிறுத்த வழிகாட்டியது இவ்வாறுதான்.

இந்த வழிகாட்டலிலும் பிழை இருந்தது. கங்காருபோல் உடலை நிமிர்த்தி வாலைத் தரையில் ஊன்ற வைத்தது தவறு. டைனோசர்கள் முதுகையும் வாலையும் கிடைமட்டமாக வைத்திருந்தன எனப் பிற்கால ஆய்வுகள் காட்டின. மேலும், இடுப்பெலும்பு பறவையை ஒத்திருப்பதால் ‘பறவை இடுப்பு’ வகை எனப்படும் இகுவானோடானின் கூட்டம் பறவைகளின் நேர் முன்னோர் அன்று. பறவைகள் தோன்றியது ‘பல்லி இடுப்பு’ வகையைச் சேர்ந்த, இரு கால்களில் நடந்த ஊனுண்ணிகளின் கிளையிலிருந்தே. வெளித்தோற்ற ஒற்றுமையை மட்டும் நம்பினால் எத்தகைய குழப்பம் நேரும் என்பதற்கு இது நல்ல எடுத்துக்காட்டு.

மறுப்பும் மீட்சியும்

1926இல் டென்மார்க்கைச் சேர்ந்த கெர்ஹார்ட் ஹைல்மன் பறவைகளின் தோற்றம் பற்றிய நூலை ஆங்கிலத்தில் வெளியிட்டார். பறவைக்கும் டைனோசருக்கும் உள்ள ஒற்றுமைகளை அவரே விரிவாக எடுத்துக்காட்டினார். ஆயினும் ஒரு தடை அவரை நிறுத்தியது. பறவைகளில் காறையெலும்புகள் இரண்டும் இணைந்து கவை வடிவ எலும்பாக உள்ளன. டைனோசர்களில் காறையெலும்பே இல்லை என அக்காலத்தில் நம்பப்பட்டது. இழந்த உறுப்பை உயிரினம் மீண்டும் பெறாது என்பது விதி. இவ்விதியை வகுத்தவர் பெர்னிசாரின் அதே டோலோ. எனவே பறவைகள் டைனோசரிலிருந்து வந்திருக்க இயலாது என ஹைல்மன் முடிவு செய்தார். அம்முடிவு சுமார் நாற்பது ஆண்டுகள் செல்வாக்குடன் இருந்தது.

1964இல் அமெரிக்காவின் மொன்டானாவில் ஜான் ஆஸ்ட்ரோம் குழுவினர் டைனோனிக்கஸ் என்னும் விரைந்தோடும் டைனோசரைக் கண்டெடுத்தனர். அதன் மணிக்கட்டும் கையும் ஆர்க்கியாப்டெரிக்ஸினுடையவற்றைப் பெரிதும் ஒத்திருப்பதை 1970களில் ஆஸ்ட்ரோம் விளக்கினார். கவை எலும்பும் பல டைனோசர்களில் இருந்தமை பின்னர் உறுதியாயிற்று. 1996இல் சீனாவின் லியாவோனிங் மாகாணத்தில் கிடைத்த சைனோசாரோப்டெரிக்ஸின் உடலைச் சுற்றி மெல்லிய இழை இறகுகளின் தடம் காணப்பட்டது. பறவைகள் டைனோசர்களின் வழித்தோன்றல்கள் என்பதைத் தொல்லுயிரியல் அறிஞருள் மிகப் பெரும்பாலோர் இன்று ஏற்கின்றனர்.

தீக்கோழி கூடுதலாக டைனோசரா?

இங்கு மாணவர்கள் அடிக்கடி செய்யும் ஒரு பிழையைச் சுட்ட வேண்டும். தோற்றத்தில் நெருங்கியிருப்பதால் தீக்கோழியும் கசோவரியும் சிட்டுக்குருவியைவிட டைனோசருக்கு நெருங்கிய உறவு என எண்ணக்கூடாது. எல்லாப் பறவைகளும் ஒரே முன்னோரிடமிருந்து வந்தவை. டைனோசருடன் அவற்றுக்குள்ள உறவு சமமானதே.

பறக்காத பெரும்பறவைகள் பறக்கத் தெரியாத காலத்தின் எச்சங்களும் அல்ல. அவற்றின் முன்னோர் பறந்தவர்களே. மரபணு ஆய்வுகளின்படி மோவாவின் நெருங்கிய உறவு தென் அமெரிக்காவின் டினமு, அது பறக்கக்கூடியது. நியூசிலாந்தின் கிவிக்கு நெருங்கிய உறவு அருகில் வாழ்ந்த மோவா அன்று, தொலைவிலிருந்த மடகாஸ்கரின் யானைப்பறவை என 2014இல் கண்டறியப்பட்டது. தனித்தனி நிலங்களில் தனித்தனியாகப் பறத்தலைக் கைவிட்டுத் தரையில் நடக்கத் தொடங்கியபோது, அவற்றின் உடல் பழைய டைனோசர் வடிவத்தை மீண்டும் நெருங்கியது. செதில் மூடிய கால், உட்குழிவான எலும்பு, கவை எலும்பு ஆகியவை பறவைகளுக்கு மரபு வழியாக வந்த சொத்து. பேருருவமும் நீண்ட ஓட்டக்கால்களும் தரை வாழ்வு தந்தவை.

மோவாவின் முடிவு

மோவாவில் ஒன்பது இனங்கள் அறியப்பட்டுள்ளன. பெரிய இனத்தின் பெண்பறவை கழுத்தை உயர்த்தினால் ஏறத்தாழ 3.6 மீட்டரை எட்டும். எடை 200 கிலோவுக்கு மேல். தீக்கோழிக்கும் ஈமுவுக்கும் சிறு இறக்கைகளேனும் உண்டு. மோவாவுக்கோ இறக்கை எலும்பு ஒன்றுகூட இல்லை. ஹாஸ்ட் கழுகு என்னும் பெரும் வல்லூறே அதற்கு இருந்த முதன்மையான பகை.

பதின்மூன்றாம் நூற்றாண்டின் பிற்பகுதியில் பசிபிக் தீவுகளிலிருந்து மாவோரியரின் முன்னோர் நியூசிலாந்தை அடைந்தனர். அவர்களுடைய மொழிக்குடும்பத்தின் பிற மொழிகளில் ‘மோவா’ என்றால் வீட்டுக்கோழி என்று பொருள். மனிதரைவிட உயர்ந்த அப்பறவையை அவர்கள் தாம் அறிந்த கோழியின் பெயராலேயே அழைத்தனர். உணவுக்காக அதை வேட்டையாடினர், முட்டைகளையும் எடுத்தனர். மெதுவாக வளர்ந்து குறைவாக முட்டையிட்ட மோவாக்களால் அந்த இழப்பை ஈடுசெய்ய முடியவில்லை. சுமார் 150 ஆண்டுகளுக்குள் ஒன்பது இனங்களும் அழிந்தன. அவற்றை உண்டு வாழ்ந்த ஹாஸ்ட் கழுகும் மறைந்தது.

1879இல் ஓவன் வெளியிட்ட நூலில் ஒரு படம் இடம்பெற்றது. முதுமையடைந்த ஓவன் மோவாவின் நெடிய எலும்புக்கூட்டின் அருகே நிற்கிறார். அவர் கையில் 1839இல் வந்த அந்த எலும்புத் துண்டு இருக்கிறது. பறவைகளும் டைனோசர்களே என்ற இன்றைய வகைப்பாட்டின்படி பார்த்தால், அப்படத்தில் அவர் அருகே நிற்பதும் ஒரு டைனோசரே. டைனோசர்கள் 6.6 கோடி ஆண்டுகளுக்கு முன் அழிந்தன எனப் பாடநூல்கள் கூறுவது பறவையல்லாத டைனோசர்களுக்கு மட்டுமே பொருந்தும். மற்றவற்றுள் ஒன்பது இனங்கள் ஏறத்தாழ அறுநூறு ஆண்டுகளுக்கு முன்புவரை நியூசிலாந்தின் காடுகளில் நடமாடின. அவற்றை அழித்தது விண்கல் அன்று, மனிதரின் அடுப்புகள். எஞ்சியுள்ள கிவியும் கசோவரியும் அதே வழியில் செல்லாமல் காப்பது இக்காலத்தவரின் கடமையாகும்.